லம்பாங்கில் இரண்டு இரவு தங்கலாமா? கைடு தேவையா?

கேள்வி (நவம்பர் 2)

டிசம்பரில் அம்மா அப்பாவைக் கூட்டிக்கொண்டு தாய்லாந்து போகிறேன். பாங்காக், பிறகு சியாங் மாய். கூட்டம் இல்லாத கோயில் ஊர் ஒன்றும் பார்க்க வேண்டும் என்று அப்பாவுக்கு ஆசை. டிக்கெட் போடுபவர் "சியாங் மாயிலிருந்து லம்பாங், ஒரே நாளில் போய்வரலாம், கைடு உண்டு" என்கிறார். தம்பியோ, தாய்லாந்துக் கோயில் ஒன்றைப் பார்த்தால் எல்லாவற்றையும் பார்த்த மாதிரி, இதற்கென்று தனியாக ஒரு ஊரா என்கிறான். போய்வந்தவர்கள் சொல்லுங்கள். அம்மாவுக்கு மூட்டுவலி. இருவரும் சைவம்.

பதில் (நவம்பர் 2, இரவு)

ஒரே நாளில் போய்வரும் பயணம் வேண்டாம். இரண்டு இரவு தங்குங்கள். கைடு ஒரு அரை நாளுக்குப் போதும், அதுவும் லம்பாங் லுவாங் கோயிலுக்கு.

காரணம் எளிது. சியாங் மாயிலிருந்து லம்பாங் ஏறக்குறைய 100 கிலோமீட்டர். காலையில் வேன் கிளம்பும், வழியில் யானை மையம், அப்புறம் சாப்பாடு, அதற்குப் பிறகு கோயிலில் கொஞ்ச நேரம், திரும்ப வேன். எங்களை முதலில் கூட்டிப்போனவர்கள் அப்படித்தான் செய்தார்கள். பீங்கான் கடையில் நின்ற நேரம் கோயிலில் நின்ற நேரத்தைவிட அதிகம். அந்தக் கோபத்தில்தான் பிறகு நாங்களே தனியாகப் போனோம். அப்போதுதான் அந்த ஊர் பிடிபட்டது.

நவம்பர் 3, காலை

கோயிலைப் பற்றி விவரமாகச் சொல்லுங்கள் என்று கேட்டிருந்தார்கள். சொல்கிறேன்.

வாட் ப்ரா தாட் லம்பாங் லுவாங் (வாட் என்றால் கோயில்) ஊருக்குள் இல்லை. தென்மேற்கே சுமார் 18 கிலோமீட்டர் தள்ளி, கோ கா என்ற இடத்தில் இருக்கிறது. மதிலும் மண்மேடுமாக ஒரு சின்னக் கோட்டை போல மேட்டின்மேல் நிற்கும். பழைய கோட்டை ஊர் ஒன்றில் மிஞ்சியது இந்தக் கோயில்தான் என்கிறார்கள். இரண்டு பக்கமும் நாகம் நீண்டு படுத்திருக்க, நடுவே படி. உச்சியில் சுதைவேலை நிறைந்த வாசல். அதைத் தாண்டினால் நேரே பெரிய மண்டபம், 1476-இல் கட்டியது. பக்கவாட்டில் சுவரே கிடையாது. தேக்குத் தூண்களின்மேல் அடுக்கடுக்கான கூரை, அது தாழ இறங்கி வருகிறது. பாங்காக்கில் பார்க்கும் கண்ணாடிப் பளபளப்பும் உயர்ந்த சுவரும் இங்கே இல்லை. உள்ளே உட்கார்ந்தால் நாலு பக்கமும் காற்று வரும். தம்பியை அந்தத் தரையில் கொஞ்ச நேரம் உட்காரச் சொல்லுங்கள், அப்புறம் பேசலாம்.

மண்டபத்துக்குப் பின்னால் ஸ்தூபி, 45 மீட்டர் உயரம். மேலே செப்புத் தகடு போர்த்தியிருக்கிறது. தகடு களிம்பேறி பச்சை, நீலம், பழுப்பு என்று இடத்துக்கு இடம் நிறம் மாறும். புத்தரின் கேசம் உள்ளே இருப்பதாக நம்பிக்கை. சுற்றிலும் வெண்கலக் கம்பி வேலி. அந்த வேலியில் ஒரு துப்பாக்கிக் குண்டுத் துளை இருக்கிறது. கைடு இல்லாமல் போனபோது நான் அதைக் கவனிக்காமல் கடந்து போயிருக்கிறேன். கைடம்மா என் கையைப் பிடித்து அந்தத் துளையில் விரலை வைத்துக் காட்டினார். ஓரம் கூர் மழுங்கி வழுவழுவென்று இருந்தது, அவ்வளவு பேர் தொட்டிருக்கிறார்கள்.

அந்தக் குண்டின் கதை இது. 1732. வட தாய்லாந்து பர்மியர் பிடியில் இருந்த காலம். பக்கத்து ஊரான லம்பூனிலிருந்து படையோடு வந்த தாவ் மகாயோட் என்ற தளபதி கோயிலுக்குள் முகாம் போட்டிருந்தான். திப் சாங் என்ற வேட்டைக்காரர் இரவில் நீர் வெளியேறும் மடை வழியாக உள்ளே ஊர்ந்து போய் அவனைச் சுட்டார். பிறகு லம்பாங்கை ஆண்டதும் அந்த வேட்டைக்காரரே. அவர் பேரன்தான் காவிலா, ஆள் இல்லாமல் பாழாய்க் கிடந்த சியாங் மாயை 1796-இல் திரும்பக் குடியேற்றியவர். நீங்கள் சுற்றப்போகும் சியாங் மாய் இன்று ஊராக இருப்பதற்கு இந்த மடைக்கும் ஒரு பங்கு உண்டு. ஒரு நாள் பயணத்தில் இதை யாரும் சொல்ல மாட்டார்கள், நேரம் இருக்காது.

நவம்பர் 3, மதியம்

விட்டுப்போனது: அங்கே ஒரு கிழட்டு மரம் இருக்கிறது. கிளைகளுக்கு நூற்றுக்கணக்கில் முட்டுக்கொம்பு வைத்திருக்கிறார்கள். வடக்கத்திய வழக்கம் அது. வேண்டுதல், பிறந்தநாள், உடம்பு தேறியது என்று ஆளுக்கொரு கொம்பு. வர்ணம் பூசி, அதில் பேரும் எழுதி வைக்கிறார்கள். மரம் விழாமல் தாங்குகிறவருடைய ஆயுளும் விழாமல் நிற்கும் என்பது நினைப்பு. அம்மாவுக்கு இது மிகவும் பிடிக்கும்.

மூட்டுவலிக்கு: முன்வாசல் படி ஏறும் தூரம் குறைவுதான். அதுவும் முடியாது என்றால் பக்கவழி இருக்கிறது, கைடிடம் முன்பே சொல்லிவிடுங்கள். செருப்பை மண்டபத்துக்கு மண்டபம் கழற்றி மாட்ட வேண்டும். வார் இல்லாத, காலை நுழைத்துப் போடும் செருப்பாக இருந்தால் அம்மாவுக்குக் குனிகிற வேலை இல்லை. டிசம்பர் காலையில் கல்தரை சில்லென்று இருக்கும், காலுறை எடுத்துக்கொள்ளுங்கள்.

நவம்பர் 4

தம்பியின் வாதத்துக்குத் தனியாகப் பதில் சொல்ல வேண்டும்.

லம்பாங் நகருக்குள் இருக்கும் பல கோயில்கள் தாய்க் கோயில் மாதிரியே இருக்காது. பர்மியக் கோயில்கள் அவை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் இந்தப் பக்கத்துக் காடுகளில் தேக்கு வெட்ட பிரிட்டிஷ் கம்பெனிகள் வந்தன. வேலை தெரிந்த பர்மியர்களும், பர்மாவின் ஷான் இன மக்களும் அவர்களோடு வந்தார்கள். பணம் சேர்ந்தவர்கள் கோயில் கட்டினார்கள். மரத்தில் குடியிருக்கும் ஆவிகளை வெட்டி விரட்டிய பாவம் தீரக் கட்டினார்கள் என்றும் ஊரில் சொல்வார்கள். வாட் ஸ்ரீ சும், வாட் ஸ்ரீ ரோங் முவாங் இரண்டும் அப்படி வந்தவை. பல அடுக்குக் கூரை, உள்ளே கண்ணாடிச் சில்லும் பொன்னும் இழைத்த மரவேலை. வாட் ஸ்ரீ சும் 1992-இல் தீப்பிடித்து எரிந்து, பிறகு எடுத்துக் கட்டியது.

இங்கே தேக்கு வெட்டிய கம்பெனிகளில் ஒன்று பாம்பே பர்மா டிரேடிங் கார்ப்பரேஷன். திருநெல்வேலிக்காரர்களுக்குச் சொல்லவே வேண்டாம். சிங்கம்பட்டி ஜமீனிடம் 1929-இல் குத்தகைக்கு எடுத்து மாஞ்சோலையில் தேயிலை போட்ட அதே கம்பெனி. நான் அந்தப் பக்கத்துப் பெண். லம்பாங்கில் கைடு அந்தப் பெயரைச் சொன்னதும் அவரை நிறுத்தி, மாஞ்சோலையைப் பற்றி நான் சொல்ல ஆரம்பித்துவிட்டேன். அங்கே மரம் போனது, இங்கே மலைமேல் தேயிலை வந்தது, இரண்டுக்கும் கணக்கு ஒரே பேரேட்டில். அப்பா வரலாறு பிடித்தவர் என்றால் இதை அவரிடம் சொல்லுங்கள்.

ஆற்றுக்கு அந்தப் பக்கம் வாட் பொங்சனுக். ஊர்மக்களே கூடிப் பழுதுபார்த்து நிமிர்த்திய சின்னக் கோயில், யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் பாரம்பரிய விருதில் 2008-இல் பாராட்டுப் பெற்றது. லம்பாங் லுவாங்குக்கு அடுத்து எனக்கு மனதில் நிற்பது இதுதான்.

நவம்பர் 4, இரவு

"ஸ்தூபியின் தலைகீழ் நிழல் தெரியும் அறைக்குள் பெண்களை விட மாட்டார்களாமே, அப்படிப்பட்ட கோயிலை ஏன் இவ்வளவு தூக்கிப் பிடிக்கிறீர்கள்" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நியாயமான கேள்வி.

ஆமாம், விட மாட்டார்கள். புத்தரின் பாதச்சுவடு இருக்கும் சின்னக் கட்டடம் அது. ஆண்களுக்கு மட்டும் என்று பலகை இருக்கிறது. கதவைச் சாத்தினால் உள்ளே கும்மிருட்டு. ஒரு சிறு துளை வழியாக வெளிச்சம் நுழைந்து வெள்ளைத் துணியில் விழும், அதில் ஸ்தூபி தலைகீழாக, நிறத்தோடு தெரியும். என் கணவர் உள்ளே போனார், நான் வெளியே நின்றேன். வருத்தமாகத்தான் இருந்தது, இப்போதும் இருக்கிறது. வழக்கம் என்று சொல்லிவிட்டால் வருத்தம் போய்விடுமா?

ஆனால் இதே மாதிரி நிழல் விழும் இன்னொரு மண்டபம் அதே வளாகத்தில் இருக்கிறது, அங்கே பெண்கள் போகலாம். கைடு வேண்டும் என்று நான் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம். எந்த மண்டபம், எந்த நேரத்தில் வெயில் சரியாக விழும் என்பதெல்லாம் அவர்களுக்குத்தான் தெரியும். நான் அங்கே பார்த்தேன். முதலில் துணியில் மங்கலான கறை போலத்தான் இருந்தது. கண் பழகப் பழக செப்புத் தகட்டின் பச்சை தெரிந்தது, பிறகு வேலிக் கம்பி, பிறகு தலைகீழாக நடந்து போன ஒருவர். மேகம் மூடினால் எதுவும் தெரியாது. அவசரப்படுத்தினால் கறையோடு திரும்ப வேண்டியதுதான்.

நவம்பர் 6

கைடு பற்றி.

"நம்ம ஊர் ஏற்பாட்டாளரின் ஆளே தமிழில் விளக்குவார், தனியாக எதற்கு" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். கூட வரலாம், பெட்டி தூக்கலாம், சாப்பாடு ஏற்பாடு செய்யலாம். கைடு வேலை மட்டும் சட்டப்படி அவர் செய்ய முடியாது. தாய்லாந்தில் அது அந்நாட்டுக் குடிமக்களுக்கு ஒதுக்கிய வேலை, உரிமம் வேண்டும், 2008 சட்டம் அப்படி. உரிம அட்டையைக் கழுத்தில் மாட்டியிருப்பார்கள், பாருங்கள். தங்கும் விடுதியில் முந்தின நாளே சொல்லி வைத்தால் ஊர்க்காரர் ஒருவரை ஏற்பாடு செய்து தருவார்கள். ஆங்கிலம் மெதுவாகத்தான் வரும், உங்கள் அம்மா அப்பாவுக்கு நீங்கள் தமிழில் சொல்லுங்கள்.

இன்னொரு யோசனையும் வருகிறது. முதல் நாள் அரை நாள் போதும் என்று எழுதினேன். வயதானவர்கள் கூட வரும்போது அதை முழு நாளாக்கினால் நல்லது என்று இப்போது படுகிறது. விஷயம் சொல்ல அரை நாள் போதும்தான். ஆனால் வண்டிக்காரரிடம் பேசுவது, கழிப்பறை எங்கே, சமையலில் மீன் சாஸ் இருக்கிறதா, இதற்கெல்லாம் ஒரு ஆள் கூட இருந்தால் உங்களுக்கு மூச்சு விட நேரம் கிடைக்கும். நாங்கள் இருவர் மட்டும் போனதால் அது தோன்றவில்லை. காலையில் நகரத்துக் கோயில்கள், மதியம் அறையில் ஓய்வு, வெயில் சாயும் முன் லம்பாங் லுவாங். இப்படி வைத்துக்கொள்ளுங்கள்.

நவம்பர் 7

சாப்பாடு. சைவம் என்று வாயால் சொன்னால் போதாது. மீன் சாஸும் இறால் விழுதும் காய்கறியிலும் போகும். "ஜே" என்று சொல்லுங்கள், முட்டை, மீன், வெங்காயம், பூண்டு எதுவும் இல்லாத சமையல் அது. மஞ்சள் துணியில் சிவப்பு எழுத்து தொங்கும் கடையைத் தேடுங்கள். வடக்கத்திய கானோம் ஜீன் நாம் ஙியாவ் எல்லாரும் சிபாரிசு செய்வார்கள், பார்க்க நம் தக்காளி ரசத்தில் சேமியா போட்டது போல இருக்கும். அதில் பன்றி இறைச்சியும் கட்டி ரத்தமும் உண்டு. அப்பா அம்மாவிடம் கண்டிப்பாகச் சொல்லி வையுங்கள்.

வாங்கவேண்டியது காவ் தேன். ஒட்டும் அரிசிச் சோற்றில் தர்பூசணிச் சாறு பிசைந்து, வட்டமாகத் தட்டி, வெயிலில் காயவைத்து, எண்ணெயில் பொரித்து, மேலே வெல்லப்பாகு கோடு போட்டது. எண்ணெயில் போட்டதும் ஒவ்வொரு பருக்கையும் தனித்தனியாகப் பொரிந்து எழும்பும், கண்ணெதிரே செய்கிற இடங்கள் இருக்கின்றன. கைடிடம் கேட்டுப் போய்ப் பாருங்கள். நம் வடகம் மாதிரி என்று அம்மாவே சொல்வார்.

நவம்பர் 7, பிற்பகல்

தர்பூசணி என்றதும் மே சுச்சாதா ஞாபகம் வந்துவிட்டது, எழுதாமல் இருக்க முடியவில்லை.

சுச்சாதா பக்தியுள்ள பெண். தோட்டத்துத் தர்பூசணிக்குள் ஒரு பச்சைக் கல் கிடைக்கிறது. அதைத் துறவி ஒருவரிடம் கொடுக்கிறாள். அது புத்தர் சிலையாகிறது. சிலை செதுக்க இந்திரனே மாறுவேடத்தில் வந்தான் என்பார்கள். ஊர், துறவியையும் இவளையும் சேர்த்துப் பேசுகிறது. அரசன் அவள் தலையை வெட்டச் சொல்கிறான். வெட்டியபோது ரத்தம் தரையில் விழாமல் மேலே எழும்பியதாம். வாட் ப்ரா கேயோ தோன் தாவ் கோயிலை ஒட்டியே அவள் பெயரில் கோயில் இருக்கிறது. அந்தப் பச்சைச் சிலை இப்போது லம்பாங் லுவாங்கில்.

வீண்பழியில் செத்த பெண்ணை ஊரே கும்பிடுவது நமக்குப் புதிதா? நம் பக்கத்தில் எத்தனை அம்மன் கதை இப்படி. அந்தச் சன்னதியில் நான் நிறைய நேரம் நின்றேன்.

பாங்காக்கில் நீங்கள் பார்க்கப்போகும் மரகத புத்தர் இது இல்லை, குழப்பிக்கொள்ள வேண்டாம். அதுவும் லம்பாங்கில் இருந்ததுதான், 1436 முதல் 1468 வரை, இதே வாட் ப்ரா கேயோ தோன் தாவில். சியாங் ராயிலிருந்து சியாங் மாய்க்குக் கொண்டுபோகும் வழியில் யானை ஒவ்வொரு முறையும் லம்பாங் பக்கமே திரும்பியதாம், அரசன் சரி என்று விட்டுவிட்டான்.

நவம்பர் 9

குதிரை வண்டி கேட்டிருந்தார்கள். லம்பாங்கின் அடையாளமே அதுதான். 1916-இல் ரயில் வந்த காலத்தையொட்டி வந்து, ஸ்டேஷனுக்கும் ஊருக்கும் ஆள் ஏற்றிய வண்டிகள். பாங்காக்கில் மோட்டார் வந்து ஒழிந்துபோனது இங்கே நின்றுவிட்டது.

ஏறலாமா? எனக்கு மனம் இரண்டாக இருக்கிறது. வண்டிக்காரர்கள் குடும்பத் தொழிலாகச் செய்கிறவர்கள், குதிரையைப் பெயர் சொல்லிப் பேசுகிறார்கள். ஆனால் நடுப்பகலில் சுடும் தார்ச்சாலையில் அது நிற்பதைப் பார்க்க எனக்கு ஆகவில்லை. மாலையில் வெயில் இறங்கியபின், ஆற்றோரம் ஒரு சின்னச் சுற்று மட்டும் போனோம். குதிரையின் கால், முதுகில் சேணம் உரசும் இடம் இரண்டையும் பார்த்துவிட்டு ஏறுங்கள். புண் தெரிந்தால் அந்த வண்டி வேண்டாம். நாலு பேரை ஒரே வண்டியில் ஏற்றவும் வேண்டாம்.

யானை மையம் பற்றி ஒரு வரி: சியாங் மாய் வழியில், ஹாங் சாத் என்ற ஊர்ப் பக்கம் யானை ஆஸ்பத்திரி இருக்கிறது. கண்ணிவெடியில் கால் போன மோஷா என்ற யானைக்குச் செயற்கைக் கால் பொருத்தியது அங்கேதான். காட்சிக்கு ஆடும் யானையைவிட அதைப் பார்க்கப் போகலாம்.

நவம்பர் 10

மலை உச்சியில் வெள்ளை ஸ்தூபிகள் நிற்கும் படத்தைப் போட்டு "இது லம்பாங்தானே, இதை விட்டுவிட்டீர்களே" என்றார் ஒருவர். மாகாணம் அதே, ஊர் வேறு. அது சே ஹோம் பக்கம், நகரிலிருந்து 60 கிலோமீட்டருக்கு மேல். பிக்அப் வண்டியில் பாதி மலை, பிறகு செங்குத்தான படி. மூட்டுவலிக்காரருக்கு இல்லை. அப்பா ஆசைப்பட்டாலும் அதற்கு இன்னொரு முழு நாள் வேண்டும்.

மார்ச்சில் போகலாமா என்று கேட்டவருக்கு: வேண்டாம். பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை வட தாய்லாந்தில் வயலும் காடும் எரியும் புகை பள்ளத்தாக்கில் தேங்கி நிற்கும். எதிரே இருக்கும் மலையே தெரியாது, மூச்சுத் தொந்தரவு உள்ளவர்களுக்கு ஆபத்து. நவம்பர் முதல் ஜனவரி வரைதான் காலம்.

நவம்பர் 12

கேள்வி கேட்டவர் தேதி மாற்றலாம் என்று எழுதியிருக்கிறார், சந்தோஷம். அப்படியானால் வரிசையையும் மாற்றுங்கள். பாங்காக்கை முதலில் வைக்காமல், இறங்கிய கையோடு அடுத்த விமானத்தில் சியாங் மாய் போய்விடுங்கள். பிறகு ரயிலில் லம்பாங், அங்கிருந்து இரவு ரயிலில் பாங்காக். போன வழியே திரும்புகிற வேலை இல்லை.

சியாங் மாயிலிருந்து லம்பாங்குக்குப் பேருந்து சீக்கிரம், இருந்தாலும் பகல் ரயில்தான் என் ஓட்டு. வழியில் குன் தான் சுரங்கம், 1,352 மீட்டர். அதைக் குடைந்து முடிக்க ஆன காலத்தால்தான் லம்பாங்குக்கு 1916-இல் வந்த ரயில், சியாங் மாய்க்குப் போகப் பல வருடம் தாமதமானது. அந்த இடைவெளியில்தான் லம்பாங் ஸ்டேஷன் பக்கம் இவ்வளவு வளர்ந்தது.

சனி, ஞாயிறு மாலையில் மட்டும் ஆற்றோரப் பழைய கடைத்தெருவில் காத் கோங் தா சந்தை கூடும். வெள்ளி மதியம் வந்து, சனிக்கிழமை முழுதும் கைடோடு, அன்று மாலை சந்தை, ஞாயிறு காலை 116 தேக்குத் தூண்மேல் நிற்கும் பான் சாவ் நாக் வீடு, இரவு ரயில். பாங்காக்குக்கு மாலையில் சியாங் மாயிலிருந்து கிளம்பும் இரவு வண்டிகள் லம்பாங்கில் நின்று போகும். அம்மாவுக்குக் கீழ்ப் படுக்கை கேட்டு வாங்குங்கள், டிசம்பரில் சீக்கிரம் தீர்ந்துவிடும். இறங்குவது பழைய ஹுவா லம்போங் இல்லை. 2023 ஜனவரியிலிருந்து தொலைதூர வண்டிகள் புதிய குருங் தெப் அபிவத் நிலையத்துக்கு வருகின்றன.

நவம்பர் 12, இரவு

இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 2025 மே 1 முதல் தாய்லாந்து போகும் வெளிநாட்டவர் எல்லாரும் வருகை அட்டையை இணையத்தில் நிரப்ப வேண்டும், இறங்குவதற்கு முந்தைய மூன்று நாளுக்குள். அரசுத் தளத்தில் இலவசம், பணம் கேட்டால் அது வேறு யாரோ. மூன்று பேருக்கும் ஒரே உட்காரலில் நிரப்பிவிடலாம். தம்பியும் வருகிறானா? வந்தால் அந்த மண்டபத்துத் தரையில் உட்கார்ந்துவிட்டு அவனையே இங்கே எழுதச் சொல்லுங்கள், காத்திருக்கிறேன்.